கப்டனைக் கடலில் தள்ளிய பரமேஸ்வரி

பரமேஸ்வரி தன் வாழ்நாளில் ஒரேயொரு ஆளைத்தான் கொன்றிருக்கிறாள். கப்டன் சைலஸ் என்று பெயர். நல்ல உயரம், பொன்னிறத் தாடி, சொந்தமாகக் கப்பல். சுவிஸில், லோசான் நகரத்துத் தேவாலய மண்டபம் ஒன்றின் சமையலறையில், மீன் ரோல்ஸுக்கு ரஸ்க் தூள் பூசிக்கொண்டிருந்த நேரத்தில், அவனைப் பிடித்து நடுக்கடலில் தள்ளிவிட்டாள். அதற்காக அவள் இன்றுவரை கவலைப்பட்டதில்லை. பிடிபட்டதுதான் கவலை.

கப்டன் ஒரு நாவலில் வருகிறவன். நூற்றெழுபது வருடங்களுக்கு முன் அமெரிக்காவில் யாரோ ஒரு மனுசி எழுதி, நாலுபேர் படித்து, பிறகு எல்லோரும் மறந்துபோன நாவல். அதைத் தோண்டி எடுத்தது பரமேஸ்வரியின் மகள் பிரசாந்தினி. அமெரிக்காவில் நாவல் எழுதத் தொடங்கிய காலத்தில் பெண்ணைப் பெண்ணும் ஆணை ஆணும் விரும்புகிற கதைகளை எப்படி எழுதினார்கள் என்பதுதான் அவளுடைய ஆராய்ச்சி. சொந்தக்காரர் கேட்டால் பரமேஸ்வரி "அமெரிக்காவைப் பற்றி" என்பாள். அவளுடைய கணவர் தம்பித்துரை "இங்கிலிஷிலை" என்பார். இரண்டும் பொய்யில்லை.

ஆராய்ச்சி முடிகிற கட்டத்தில் பிரசாந்தினிக்கு அவளுடைய பேராசிரியை ஒரு யோசனை சொன்னாள். "வீட்டில் சொல்லிப் பார். அவர்களுக்குக் கொட்டாவி வந்தால் எங்களுக்கும் வரும்." அதனால் புதன்கிழமைகளில் பிரசாந்தினி வீட்டுக்கு வந்து, சாப்பிட்டுவிட்டு, நாவலை அத்தியாயம் அத்தியாயமாகத் தமிழில் சொல்லத் தொடங்கினாள்.

கதை இதுதான். கடலோரத்தில் ஒரு வெளிச்சவீடு. தகப்பன் இறந்தபின் அதைத் தனியாகப் பார்த்துக்கொள்கிறவள் அபிகேல். அந்த ஊர்ப் பிள்ளைகளுக்குப் படிப்பிக்க ஒரு நாள் கப்பலில் வந்து இறங்குகிறாள் மெர்சி. கையில் ஒரு பெட்டி, தலையில் நனைந்த தொப்பி. தங்க இடமில்லை. அபிகேல் அவளை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போகிறாள்.

பரமேஸ்வரிக்குக் கொட்டாவி வரவில்லை. கறிச்சட்டி அடிப்பிடித்தது.

"பிறகு?" என்றாள்.

"அடுத்த கிழமை சொல்லுறன் அம்மா."

"உவ்வளவும் சொல்லிப்போட்டு நிப்பாட்டுறதே? மெர்சிக்கு உடுப்பு மாத்தக் குடுத்தவளோ இல்லையோ?"

இப்படி ஒரு கதையை ஒரு கிழமை முழுக்க ஒருத்தி தனியாக நெஞ்சுக்குள் வைத்திருக்க ஏலாது. சனிக்கிழமைகளில் பரமேஸ்வரியும் அவளுடைய சிநேகிதிகள் கஜலக்சுமியும் ஜெயந்தியும் அந்தத் தேவாலயச் சமையலறையில் சேர்ந்து ரோல்ஸ் செய்வார்கள். தமிழ்ப் பாடசாலை விழா, பிறந்தநாள், பூப்புனித நீராட்டு, யார் கேட்டாலும் செய்து கொடுப்பார்கள். எண்ணெய்ச் சட்டிக்குக் கஜலக்சுமி பொறுப்பு. ஆஸ்பத்திரிச் சலவைப் பகுதியில் இருபத்தைந்து வருடம் வேலை செய்தவள். கோயில் நிர்வாகத்தில் இருக்கிறவள். அடுப்புப் பக்கம் காற்று இழுக்கிற மெஷினின் சத்தத்துக்கு மேலாகக் கதைத்துக் கதைத்து, மெஷின் இல்லாத இடத்திலும் அதே குரலில் கதைக்கிறவள். முட்டையில் தோய்ப்பது ஜெயந்தி. அவள் இன்னும் வேலைக்குப் போகிறாள். நாளாந்தம் ரயிலேறி ஜெனீவாவுக்குப் போய், ஒரு பெரிய சர்வதேச அலுவலகத்தின் கன்ரீனில் காசாளராக இருக்கிறாள். இந்த மூவரில் இங்கிலிஷ் ஓடுவது அவளுக்குத்தான்.

பரமேஸ்வரி கதையைத் தொடங்கினாள். வெளிச்சவீட்டின் உச்சியில் இருவரும் நிற்கிற இடத்துக்கு வந்தாள்.

"அபிகேல் மெர்சியின்ரை கையைப் பிடிச்சு, 'இந்த வெளிச்சம் கப்பலுக்கெண்டுதான் இவ்வளவு நாளும் நினைச்சிருந்தனான்' எண்டு சொன்னவளாம்."

"பிறகு ஆருக்காம்?" என்றாள் ஜெயந்தி.

"கப்பலுக்குத்தான். வேறை ஆருக்கு?" என்றாள் கஜலக்சுமி. "முட்டையைக் கவனி."

அடுத்த சனி கதையில் மாரி வந்துவிட்டது. பனி கொட்டுகிறது. மெர்சிக்குக் காய்ச்சல். பரமேஸ்வரி அந்த இடத்தில் தன் பங்குக்குக் கொஞ்சம் சேர்த்தாள். அபிகேல் மீன் பிடித்து வந்து, தேசிக்காய்ப் புளி விட்டுச் சொதி வைத்துக் கொடுத்ததாகச் சொன்னாள். புத்தகத்தில் அவர்கள் என்ன சாப்பிட்டார்கள் என்று எங்குமே இல்லை. அது எழுதினவளின் குறை என்பது பரமேஸ்வரியின் எண்ணம்.

"குளிருக்கு ரெண்டுபேரும் ஒரு போர்வைக்குள்ளை படுத்தவையாம்."

ஒரு கணம் எண்ணெய் மட்டும் கொதித்தது.

"அந்தக் காலத்திலை ஹீட்டர் இல்லை" என்றாள் கஜலக்சுமி.

"மற்றக் கட்டில் ஒண்டு இருந்ததாம் கஜா அக்கா" என்றாள் பரமேஸ்வரி.

"அது ஒழுகியிருக்கும்."

"கட்டில் எப்பிடி அக்கா ஒழுகும்?" என்றாள் ஜெயந்தி.

"கட்டிலுக்கு மேலை கூரை ஒழுகியிருக்கும். எல்லாத்தையும் விளப்பமாச் சொல்லோணுமே உமக்கு? பரமேஸ், நீர் சொல்லும்."

கஜலக்சுமி இப்படித்தான். கூடாத கதை என்று முகத்தைச் சுளிப்பாள். ஆனால் பரமேஸ்வரி மா குழைக்கிற மேசை தூரம் என்று சொல்லி அதை அடுப்புக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டது அவள்தான்.

அவள் உடைந்த நாள், ஊர்ப் போதகர் மெர்சியைப் பெண் கேட்ட நாள். மெர்சி யோசித்துச் சொல்வதாகச் சொல்லிவிடுகிறாள். அபிகேல் ஒரு வார்த்தை பேசவில்லை. விளக்குக்கு எண்ணெய் விடுகிறாள், கண்ணாடி துடைக்கிறாள், மூன்று நாளாக வாயில் ஒரு பருக்கை வைக்கவில்லை.

கஜலக்சுமி அகப்பையை வைத்தாள். அடுப்பை நிறுத்தினாள்.

"இது காதல்" என்றாள்.



"நான் பித்தப்பை வெட்டி ஆஸ்பத்திரியிலை கிடக்கேக்கை என்ரை மனுசன் ரெண்டு கொத்துரொட்டி வாங்கிச் சாப்பிட்டவர். ரெண்டு! ஒண்டு எனக்கெண்டு வாங்கினதாம், நான் சாப்பிடக்கூடாதெண்டு தெரிஞ்ச உடனை அதையும் சாப்பிட்டவராம். மூண்டு நாள் பட்டினி கிடக்கிறதெண்டா அது சும்மா சிநேகிதம் இல்லை. நான் சொல்லுறன், இது காதல்தான்."

அதற்குப் பிறகு அவளைப் பிடிக்க முடியவில்லை. வெள்ளிக்கிழமை கோயிலில் இரண்டு பெயருக்கும் அர்ச்சனைக்குக் கொடுத்தாள். அபிகேல், மெர்சி என்று கேட்டதும் ஐயர் தட்டோடு நின்றுவிட்டார்.

"வேலையிடத்துச் சிநேகிதியளோ?"

"ஓம் ஐயா. அதிலை ஒராளுக்குக் கலியாணத் தொல்லை."

"நட்சத்திரம்?"

"தெரியாது. என்ரையைப் போடுங்கோ."

அர்ச்சனை பலித்தது. அடுத்த புதன் மெர்சி போதகரை வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். சனிக்கிழமை கஜலக்சுமி கேசரி கிண்டிக்கொண்டு வந்தாள்.

இந்த நிலைமையில்தான் கடைசி அத்தியாயம் வந்தது.

பிரசாந்தினி அதைச் சோற்றுக் கோப்பைக்கு மேலே சாதாரணமாகச் சொன்னாள். துறைமுகத்துக்கு ஒரு கப்பல் வருகிறது. கப்டன் சைலஸ் இறங்குகிறான். மெர்சியைக் காண்கிறான். கலியாணம்.

பரமேஸ்வரி கறிக்கரண்டியோடு நின்றாள். "ஆரது?"

"கப்டன் அம்மா."

"முந்தி எங்கையாவது வந்தவனோ?"

"இல்லை. இப்பதான் வாறான்."

"அப்ப அபிகேல்?"

"சீனாவுக்குப் போறா. அங்கை போய் ஊழியம் செய்ய."

"சீனாவுக்கோ? வெளிச்சவீட்டை ஆர் பாக்கிறது?"

"அதைப் பற்றி எழுதேல்லை."

"சீனா நல்ல தூரம்" என்றார் தம்பித்துரை, சோபாவில் இருந்தபடி.

"அம்மா, உதைப் பற்றித்தான் என்ரை தீசிஸின்ரை மூண்டாவது பகுதி. ஏன் இந்தக் கதையளெல்லாம் கடைசியிலை இப்பிடி..."

பரமேஸ்வரி கேட்கவில்லை. தண்ணீரைப் படாரென்று திறந்துவிட்டுப் பாத்திரம் கழுவத் தொடங்கியிருந்தாள். கழுவின பாத்திரத்தையே திரும்பக் கழுவினாள். இருபத்திரண்டு அத்தியாயம் ஒருத்தி நெஞ்சைப் பிழிந்து கதை சொல்வாளாம். பிறகு ஒன்றரைப் பக்கத்தில் எவனோ தாடிக்காரன் வந்து கொத்திக்கொண்டு போவானாம்.

சனிக்கிழமை அவள் உண்மையைச் சொல்லத்தான் போனாள். அதில் சந்தேகமில்லை. ஆனால் சமையலறைக் கதவைத் திறந்தபோது, கஜலக்சுமி பாயாசத்துக்கு முந்திரிப்பருப்பு வறுத்துக்கொண்டிருந்தாள்.

"கடைசி அத்தியாயமல்லோ? கெதியாச் சொல்லும். நான் நெஞ்சுக்குள்ளை ஒரு மாதிரி இருக்கிறன்."

பரமேஸ்வரி ரஸ்க் தூளைப் பார்த்தபடி தொடங்கினாள். "துறைமுகத்துக்கு ஒரு கப்பல் வந்தது. அதிலை ஒரு கப்டன். சைலஸ் எண்டு பேர்..."

"இவன் ஆர்?" கஜலக்சுமியின் அகப்பை அந்தரத்தில் நின்றது. அந்த முகத்தைப் பரமேஸ்வரி ஒருமுறை நிமிர்ந்து பார்த்தாள். அதோடு அவளுடைய வாய் அவளைக் கேட்காமலே வேறு பக்கம் திரும்பிவிட்டது.

"வந்தது எண்டா... வரப் பாத்தது. புயல் அடிச்சிட்டுது."

"ஐயோ, அபிகேல் விளக்குக் கொளுத்தேல்லையோ?" என்றாள் ஜெயந்தி.

"கொளுத்தித்தான் இருந்தது. அவளிலை ஒரு பிழையும் இல்லை. இவன்தான் குடிச்சிட்டு நல்ல வெறி. விளக்கைக் கண்டும் மற்றப் பக்கம் திருப்பினவன். ஒரு பெரிய அலை வந்து ஆளைத் தூக்கி வெளியாலை எறிஞ்சு போட்டுது."

"நீந்தத் தெரியாதோ?"

"பூட்ஸ் போட்டிருந்தவன்."

மூவரும் பூட்ஸின் பாரத்தைக் கொஞ்சநேரம் யோசித்தார்கள்.

"பிறகு அபிகேலும் மெர்சியும்?"

"அந்த வீட்டிலையே கடைசிமட்டும் இருந்தவை. ஒரு மாடும் வாங்கினவை."

கஜலக்சுமி முன்றானையால் கண்ணைத் துடைத்தாள். ஜெயந்திக்கு மட்டும் கொஞ்சம் இரக்கம். "கப்டனுக்கும் பிள்ளை குட்டி இருந்திருக்கும், பாவம்."

"இருந்தா ஏன் மெர்சியின்ரை ஊருக்கு வந்தவன்? நல்லாச் செத்தான்" என்றாள் கஜலக்சுமி. பாயாசத்தில் அன்றைக்கு முந்திரி கூட.

அத்தோடு முடிந்திருக்கவேண்டிய விசயம். ஆனால் இங்கே டொக்டர் பட்டத்துக்கான கடைசிப் பரீட்சை பகிரங்கமாக நடக்கும். நடுவர்கள் முன்னால் இருந்து கேள்வி கேட்பார்கள், விரும்பின ஆட்கள் பின்னால் இருந்து பார்க்கலாம். சுத்னான்ஸ் என்று அதற்குப் பெயர். முடிந்ததும் எல்லோருக்கும் குடிக்கவும் கொறிக்கவும் கொடுக்க வேண்டும். பிரசாந்தினியே கஜலக்சுமிக்கு ரெலிபோன் எடுத்து, "அன்ரி, ரோல்ஸ் செய்து தருவீங்களோ? நீங்களும் வாங்கோ" என்று சொல்லிவிட்டாள்.

"இங்கிலிஷிலை கதைப்பினம், அலுப்படிக்கும்" என்று பரமேஸ்வரி தடுத்துப் பார்த்தாள். "கதிரையும் சரியில்லையாம்."

"அபிகேலின்ரை விசயம் கதைக்கினம், நான் வீட்டிலை குந்தியிருக்கிறதோ?" என்றாள் கஜலக்சுமி.

தட்டுகளைத் தம்பித்துரை காரில் ஏற்றினார். பெண்கள் மூவரும் பட்டுச் சேலையோடு மெட்ரோவில் போய்ப் பல்கலைக்கழகத்தில் இறங்கினார்கள். பரமேஸ்வரி மண்டபத்தின் கடைசி வரிசையில், கதவோரமாக இருக்கலாம் என்றாள். கஜலக்சுமி கேட்கவில்லை, இரண்டாவது வரிசைக்கு நடந்தாள். நீளமேசைக்குப் பின்னால் நடுவர்கள் இருந்தார்கள். நடுவில் தலைவர், வெள்ளைத் தலைமயிர்க்காரர். ஓரத்தில் இதற்கென்றே அமெரிக்காவிலிருந்து வந்த ஒரு பேராசிரியர், சிவப்பு மூக்குக்கண்ணாடியோடு. பிரசாந்தினி கருநீலக் கோட்டில் நின்று பேசினாள். தன் வயிற்றில் பிறந்த பிள்ளை இவ்வளவு நிதானமாகப் பேசுமோ என்று பரமேஸ்வரிக்குப் புல்லரித்தது. ஜெயந்தி நடுவிலிருந்து இரண்டு பக்கமும் மெல்லிய குரலில் தமிழாக்கிக்கொண்டிருந்தாள்.

பிறகு அமெரிக்கர் கேள்வி கேட்கத் தொடங்கினார். "கப்டன் சைலஸ்" என்ற சொல் காதில் விழுந்ததும் பரமேஸ்வரி பெரிதாக இருமினாள்.

"தண்ணி குடியும்" என்றாள் கஜலக்சுமி.

மறுபடியும் கப்டன் சைலஸ். மறுபடியும் இருமல். மூன்றாவது முறை இருமுவதற்குள் ஜெயந்தி விறைத்துப்போய்த் திரும்பினாள்.

"கப்டனுக்கும் மெர்சிக்கும் நடந்த கலியாணத்தைப் பற்றிக் கேக்கிறார்."

"எந்தக் கப்டன்?"

"சைலஸ்."

"அவன் செத்தவனல்லோ!"

காற்று இழுக்கிற மெஷினுக்கு மேலால் கேட்கிற அந்தக் குரல், மெஷின் இல்லாத மண்டபத்தில் சுவருக்குச் சுவர் அடித்தது. நடுவர்கள் எல்லோரும் திரும்பினார்கள். தலைவர் நல்ல மனுசன். பார்வையாளர் கேள்விக்குப் பிறகு நேரம் இருக்கிறது, ஆனால் மதாமுக்கு அவசரம் என்றால் கேட்கலாம் என்று பிரெஞ்சில் சொன்னார். கஜலக்சுமி எழுந்து சேலையைச் சரிசெய்தாள். சலவைப் பகுதியில் பழகின பிரெஞ்சை முழுவதும் திரட்டினாள்.

"மெஸ்ஸியே, கப்டன் மோர். தான் லா மேர். அவெக் லே பொட்."

கப்டன் செத்துவிட்டான், கடலில், பூட்ஸோடு.

 ஓரத்தில் இருந்த அமெரிக்கர், தலைவர் இங்கிலிஷில் சொல்லக் கேட்டதும், கதிரையைத் தள்ளிக்கொண்டு எழுந்துவிட்டார். கண்ணாடிக்குள் கண் இரண்டும் பளபளத்தன. எந்தப் பதிப்பில் அப்படி இருக்கிறது? இரண்டாம் பதிப்பிலா? அப்படி ஒரு முடிவு இருப்பது இதுவரை ஒருவருக்கும் தெரியாதே! அந்தப் பிரதி இந்த அம்மாவிடமா இருக்கிறது?

ஜெயந்தி அதைத் தமிழாக்க, கஜலக்சுமி பரமேஸ்வரியைக் கைகாட்டினாள். பரமேஸ்வரி முகட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா" என்றாள் பிரசாந்தினி, மேடையிலிருந்து.

பரமேஸ்வரி எழுந்தாள்.

"நான்தான் தள்ளினனான்."

"என்னத்தை?"

"கப்டனை. அவன் ஆர், கடைசி நேரத்திலை வாறதுக்கு? இவை பாயாசம் வேறை காய்ச்சிக்கொண்டு நிண்டவை. நான் என்னத்தைச் செய்ய?"

கஜலக்சுமி அவள் பக்கம் மெல்லத் திரும்பினாள். "அப்ப மாடு?"

"மாடும் இல்லை."

"அபிகேல் எங்கை?"

"சீனாவிலை."

கஜலக்சுமி செத்தவீட்டில் இருப்பதுபோல இருந்துவிட்டாள்.

பிரசாந்தினிக்கு முகம் சிவந்துபோயிருந்தது. சிரிப்பா அழுகையா என்று தாய்க்கே விளங்கவில்லை. நடுவர்களிடம் ஒரு நிமிடம் தரும்படி கேட்டுக்கொண்டு அவள் இரண்டாவது வரிசைக்கு வந்தாள்.

"அன்ரி, அந்தக் காலத்திலை இப்பிடி ஒரு கதையை அச்சடிக்கிறதெண்டா கடைசியிலை ஒரு கலியாணமோ ஒரு சாவோ வைக்கோணும். இல்லாட்டி ஆரும் போடமாட்டினம். அந்த மனுசி இருபத்திரண்டு அத்தியாயம் தான் நினைச்சதை எழுதினா. கடைசி ஒண்டரைப் பக்கத்தை மற்றவைக்காக எழுதினா. அதுதான் கப்டன் அவ்வளவு அவசரமா வாறான்."

"பயந்து எழுதினதோ?"

"பயந்தும்தான். ஆனா வேணுமெண்டே அரைகுறையா எழுதினா. இஞ்சை இருக்கிறதுக்குப் பெர்மி கேக்கிற இடத்திலை, அவைக்கு எது வேணுமோ அதைச் சொல்லுறமாதிரி. உள்ளுக்கை போனாப் போதும்தானே."

  பெர்மி என்கிற அந்த வதிவிட அனுமதிக்காக யார் யாருக்கு என்னென்ன சொல்ல வேண்டியிருந்தது என்பது அந்த வரிசையில் இருந்த எல்லோருக்கும் நினைவிருந்தது.

"அப்ப கெட்டிக்காரிதான்" என்றாள் கஜலக்சுமி கடைசியில். "போய்ச் சோதினையை முடியும் பிள்ளை. மறிக்கேல்லை."

பிரசாந்தினி திரும்பிப் போய், நடந்ததையும் தான் சொன்ன பதிலையும் இங்கிலிஷில் சொன்னாள். இரண்டாம் பதிப்பு இல்லை என்றதும் அமெரிக்கரின் முகம் கொஞ்சம் வாடியது. பிறகு தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தார். தலைவர் தண்ணீர் குடித்தார். நடுவர்கள் வெளியே போய்க் கூடிப் பேசிவிட்டு வந்து, பாராட்டோடு பட்டம் என்று அறிவித்தார்கள். தம்பித்துரை அதுவரை கார் நிறுத்த இடம் தேடிக்கொண்டிருந்தவர், சரியாகக் கைதட்டுகிற நேரத்துக்கு உள்ளே வந்து எல்லோரையும்விடப் பலமாகத் தட்டினார்.

ரோல்ஸ் தட்டு காலியாவதற்குள் அமெரிக்கர் பரமேஸ்வரியைத் தேடி வந்தார். கப்டன் எப்படிச் செத்தான் என்று முழுவதும் கேட்க வேண்டுமாம். ஜெயந்தி தமிழாக்க, பரமேஸ்வரி சொன்னாள். கேட்கிறவர் அமெரிக்கர் என்பதால் ஒரு திமிங்கிலத்தையும் சேர்த்தாள்.

கஜலக்சுமி அந்தப் பக்கமே வரவில்லை. அவள் பிரசாந்தினியை ஜன்னலோரம் பிடித்து வைத்திருந்தாள்.

"பிள்ளை, ஒளிக்காமச் சொல்லும். உமக்கும் அப்பிடி ஆரும் இருக்கினமோ?"

"எனக்கோ? நாலு வருசமா இந்தத் தீசிஸோடைதான் அன்ரி குடும்பம் நடத்தினனான்."

"இப்ப அதுதான் முடிஞ்சுதே. பொடியனெண்டாலும் சரி, பெட்டையெண்டாலும் சரி, ஒரு சொல்லுச் சொல்லும். நான் விசாரிக்கிறன். சமைக்கத் தெரிஞ்ச ஆளாப் பாப்பம்."

பிரசாந்தினிக்கு ரோல்ஸ் புரையேறியது. கொஞ்சம் தள்ளி நின்ற பரமேஸ்வரி அதைக் கேட்டும் கேட்காததுபோல, சிரிப்பை அடக்க இன்னொரு ரோல்ஸை எடுத்து வாயில் வைத்தாள்.

திரும்பிப் போகையில் தம்பித்துரையோடு சேர்த்து நாலுபேரும் காரில் ஏறினார்கள். ஜெயந்தியும் பரமேஸ்வரியும் பின்னால், வெறும் தட்டுகளோடு. கஜலக்சுமி முன்னால். கார் ஏரிப் பக்கம் இறங்கியது. அவள் திரும்பாமலே கேட்டாள்.

"வாற சனிக்கு வேறை கதை இருக்கோ?"

"இருக்கு" என்றாள் பரமேஸ்வரி. "போன புதன் பிள்ளை தொடங்கினது. ரெண்டு ஆம்பிளையள். காட்டிலை மரம் வெட்டுறவை. ஒரு சின்ன மரவீட்டிலை ஒண்டா இருக்கினம்."

"ஆர் சமைக்கிறது?"

"மாறி மாறி."

 கஜலக்சுமி இப்போது முழுவதுமாகத் திரும்பிப் பார்த்தாள்.

"உண்மையைச் சொல்லும். இது புத்தகத்திலை இருக்கோ, நீர் கட்டினதோ?"

"சத்தியமாப் புத்தகத்திலை இருக்கு. திங்கள் ஒராள், செவ்வாய் மற்றாள்."

தம்பித்துரை சிக்னலைப் போட்டு இடப்பக்கம் திருப்பினார்.